பால் துபுயிக்கு மூன்று நாள் ஒதுக்குங்கள்
திரைப்படச் சங்கத் தேர்வுக் குழுக்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தேர்வுக் குழு நண்பர்களுக்கு,

அடுத்த ஆண்டுக்கான திரையிடல் பட்டியலை நீங்கள் தயாரிக்க உட்காரும் முன்பே இந்த மடல் உங்கள் கைக்குக் கிடைக்க வேண்டும் என்று எழுதுகிறேன். கனடா வாரம் என்று ஒன்று வைத்தால் அதில் என்னென்ன படங்கள் வரும் என்பதைக் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடலாம். க்ளோத் ஜூத்ராவின் 'மோன் ஓன்கிள் அந்துவான்', டெனி ஆர்க்கானின் 'தி பார்பேரியன் இன்வேஷன்ஸ்', டேவிட் குரோனன்பெர்க்கில் ஒன்று, துணிச்சல் கொஞ்சம் கூடினால் சேவியர் டோலான். எல்லாமே நல்ல படங்கள். ஆனால் இந்த வரிசையை மட்டும் பார்க்கிற புது உறுப்பினர், ஜூத்ராவின் படம் வந்த 1971-க்கு முன்னால் கியூபெக்கில் யாரும் கேமராவைத் தொட்டதே இல்லை என்றுதான் முடிவுக்கு வருவார்.

இந்த முறை ஒரு நடிகரை முன்வைத்து மூன்று நாள் கேட்கிறேன். அவர் பெயர் பால் துபுயி. மொந்த்ரியாலில் பிறந்தவர், தாய்மொழி பிரெஞ்சு. 1940-களின் பிற்பாதியில் பிரிட்டிஷ் படங்களில் நாயக வேடங்களில் நடித்தார். 1950-களில் ஊர் திரும்பினார். அங்கே சில படங்கள், பிறகு தொலைக்காட்சித் தொடர். 1976-இல் காலமானார். இப்படி நாலு வரியில் சொன்னால், உச்சிக்குப் போய்ச் சறுக்கிய மனிதரின் கதை போலத்தான் தோன்றும். லண்டனில் மார்கரெட் லாக்வுட்டுக்கு ஜோடி, ஊருக்கு வந்தபின் தொடரில் ஒரு குணச்சித்திர வேடம் என்று உச்சுக்கொட்டத் தோன்றும். ஆங்கிலத்தில் அவரைப் பற்றி எழுதப்படும் குறிப்புகளும் பெரும்பாலும் பிரிட்டிஷ் படங்களோடு நின்றுவிடுகின்றன. இந்த வாசிப்பு தலைகீழானது என்பதுதான் என் வாதம். துபுயியின் பெரிய வேலை அவர் திரும்பி வந்த பிறகுதான் நடந்தது.

முதலில் லண்டன். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் கனடிய வானொலியின் பிரெஞ்சுப் பிரிவுக்காக லண்டனுக்குப் போனவர்களில் அவரும் ஒருவர். கணீரென்ற வானொலிக் குரல், கம்பீரமான முகம், இரண்டு மொழிகளிலும் தங்குதடையில்லாத பேச்சு. பிரிட்டிஷ் ஸ்டூடியோக்களுக்கு அப்போது வேண்டியதும் அதுதான். பிரான்ஸ் நேச நாடு. அந்த நேசத்தைத் திரையில் காட்ட நல்ல பிரெஞ்சுக்காரர் ஒருவர் வேண்டும், அவர் பேசும் ஆங்கிலம் பார்வையாளருக்குப் புரியவும் வேண்டும். ஈலிங் ஸ்டூடியோவின் 'ஜானி ஃப்ரெஞ்ச்மேன்' 1945-இல் வந்தது. சார்லஸ் ஃப்ரெண்ட் இயக்கிய அந்தப் படத்தில் கார்ன்வால் மீனவர்களுக்கும் எதிர்க்கரையின் பிரெத்தான் மீனவர்களுக்கும் தீராத பகை. பிரான்ஸிலிருந்து வந்த பெரிய நடிகை ஃபிரான்சுவாஸ் ரோஸேயின் மகனாக, ஆங்கிலேயப் பெண்ணைக் காதலிக்கும் யான் என்ற பிரெத்தான் மீனவனாகத் துபுயி நடித்தார். காதலி பட்ரீஷியா ராக்.

அதன்பின் வந்த வேடங்களை வரிசையாகப் பாருங்கள். 1948-இல் சார்லஸ் கிரைட்டனின் 'அகெய்ன்ஸ்ட் தி விண்ட்' படத்தில் பெல்ஜியத்துக்குள் ரகசியமாக இறங்கும் நாசவேலைக் குழுவில் ஒருவர். உடன் நடித்தவர் சிமோன் சிஞ்ஞோரே. அதே ஆண்டு 'ஸ்லீப்பிங் கார் டு ட்ரியெஸ்ட்' படத்தில் ரயிலில் நடந்த கொலையைத் துப்பறியும் பிரெஞ்சு இன்ஸ்பெக்டர் ஜோலிஃப். 1949-இல் 'மேட்னஸ் ஆஃப் தி ஹார்ட்' படத்தில் பார்வை இழந்த லாக்வுட்டை மணந்து அழைத்துப் போகும் பிரெஞ்சுப் பிரபு. அதே ஆண்டு 'பாஸ்போர்ட் டு பிம்லிக்கோ' படத்தில் பர்கண்டி கோமகன். மீனவர், போலீஸ், பிரபு, கோமகன் என்று வேடம் மாறினாலும் ஊர் மாறவில்லை. ஏறக்குறைய எல்லாமே ஐரோப்பியக் கண்டத்து ஆட்கள். மொந்த்ரியால்காரர் ஒருவர் மொந்த்ரியால்காரராகவே வந்து போக அங்கே கதை இல்லை. 'அகெய்ன்ஸ்ட் தி விண்ட்' படத்தின் நாயகன் ராபர்ட் பீட்டியும் கனடாக்காரர்தான், ஒன்டாரியோவின் ஹாமில்ட்டனில் பிறந்தவர். ஆங்கிலம் பேசும் கனடியருக்குப் பாதிரியார் வேடம், பிரெஞ்சு பேசும் கனடியருக்கு ஐரோப்பியப் போராளி வேடம். இப்படித்தான் பங்கு பிரித்தார்கள்.

'பாஸ்போர்ட் டு பிம்லிக்கோ' உங்களில் பலர் பார்த்திருக்கக்கூடிய படம். ஹென்றி கார்னீலியஸ் இயக்கம், டி.ஈ.பி. கிளார்க் திரைக்கதை. வெடிக்காமல் கிடந்த குண்டு ஒன்று லண்டனின் பிம்லிக்கோ பகுதியில் வெடிக்கிறது. அந்தப் பள்ளத்தில் புதையலும் ஒரு பழைய சாசனமும் கிடைக்கின்றன. நான்காம் எட்வர்டு அந்த நிலத்தைப் பர்கண்டி கோமகனுக்குக் கொடுத்துவிட்டதாக அதில் எழுதியிருக்கிறது. ஆகவே அந்தத் தெரு சட்டப்படி இங்கிலாந்தே இல்லை! ரேஷன் அட்டையைக் கிழித்துப் போடுகிறார்கள், மதுக்கடையை மூட மறுக்கிறார்கள். இந்த ரகளைக்கு நடுவே, கோமகனின் வாரிசு தான்தான் என்று தீஜோனிலிருந்து ஒரு இளைஞன் வந்து நிற்கிறான். கிரீடமும் கிடையாது, அதிகாரத் தோரணையும் கிடையாது. துபுயி அந்த வேடத்தைச் சிரிப்புக்காக ஊதிப் பெருக்கவில்லை. மளிகைக்கடைக்காரரும் மீன்கடைக்காரரும் மந்திரிகளைப் போல மேஜையைச் சுற்றி உட்கார்ந்து காரசாரமாகப் பேசும்போது, வம்சாவளியில் அத்தனை பேருக்கும் மேலான இவர் விருந்தாளியைப் போல அடக்கமாக உட்கார்ந்திருக்கிறார். சுற்றியிருப்பவர்கள் கேலிச்சித்திரங்களாக இருக்க, இவர் ஒருவர் மட்டும் இந்த அபத்தத்தை முழுசாக நம்புகிறார். நகைச்சுவைப் படத்தில் நேராக நிற்கும் வேடம் எத்தனை சிரமம் என்பது நடித்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

இந்தக் கதைக்கு வித்திட்டதே கனடாவில் நடந்த சம்பவம்தான். 1943 ஜனவரியில் நெதர்லாந்து இளவரசி மார்கிரீத் ஒட்டாவா மருத்துவமனையில் பிறந்தார். அவருக்கு டச்சுக் குடியுரிமை மட்டுமே அமைய வேண்டும் என்பதற்காக, அந்தப் பிரசவ அறை கனடிய மண் அல்ல என்று கனடிய அரசு அறிவித்தது. அந்தச் செய்தியைப் படித்துத்தான் கிளார்க்குக்குப் பொறி தட்டியது. கனடாவிலிருந்து கிளம்பிய கதைக்கருவில், கனடாவிலிருந்து வந்த நடிகர், பிரெஞ்சுக் கோமகனாக நடித்தார். படத்தில் கனடா என்ற பேச்சே இல்லை.

இனி நான் உங்களை முக்கியமாகப் பார்க்கச் சொல்லும் படத்துக்கு வருகிறேன். லண்டன் காலத்தின் நடுவிலேயே அவர் கியூபெக்கில் நடித்த படம் அது. 1940-இல் பிரான்ஸ் வீழ்ந்ததும் அங்கிருந்து கியூபெக்குக்குப் படப்பெட்டிகள் வருவது நின்றுபோனது. திரையரங்குகள் இருக்கின்றன, பிரெஞ்சில் படம் பார்க்கும் கூட்டம் இருக்கிறது, படம் இல்லை. அப்படியானால் நாமே எடுப்போம் என்று கிளம்பினார்கள். 1944-க்கும் 1953-க்கும் இடையில் ஏறத்தாழ இருபது கதைப்படங்கள் உருவாயின. பால் லாங்லே என்ற தயாரிப்பாளர், சேன்-இயாசாந்த் ஊரில் போர்க்காலப் பயிற்சி முகாமாக இருந்த கட்டடங்களை ஸ்டூடியோவாக மாற்றினார். அவருடைய 'கியூபெக் புரொடக்‌ஷன்ஸ்' 1947-இல் கொண்டுவந்த முதல் படம் இரட்டைப் படம். பிரெஞ்சில் 'லா ஃபோர்த்தெரெஸ்', ஆங்கிலத்தில் 'விஸ்பரிங் சிட்டி'. ஒரே கதை, ஒரே அரங்கம், ஒரே இயக்குநர். நடிகர்கள் மட்டும் இரண்டு செட்.

கதை கியூபெக் நகரில் நடக்கிறது. குடிபோதையில் மனைவியோடு சண்டை போட்ட இசையமைப்பாளர் ஒருவர், காலையில் அவள் பிணமாகக் கிடப்பதைக் கேட்டு, தான்தான் கொன்றுவிட்டோம் என்று நம்பிவிடுகிறார். உண்மையில் அவள் தற்கொலை செய்துகொண்டவள். அதற்கான ஆதாரத்தை மறைத்துவைத்த வக்கீல், தன்னுடைய பழைய குற்றம் ஒன்றைத் தோண்டிக்கொண்டிருக்கும் பெண் நிருபரைத் தீர்த்துக்கட்டினால் உன்னைக் காப்பாற்றுகிறேன் என்று அவருக்கு வலை விரிக்கிறார். படம் நெடுகப் பின்னணியில் ஒரு கான்செர்ட்டோ ஓடுகிறது. சிறுவயதிலேயே மேதை என்று பேர் வாங்கிய மொந்த்ரியால் கலைஞர் ஆந்த்ரே மாத்தியூவின் இசை அது.

பிரெஞ்சுப் பதிப்பில் அந்த இசையமைப்பாளர் துபுயி, நிருபர் நிக்கோல் ஜெர்மேன், வக்கீல் ஜாக் ஓஜே. மூவருமே அந்த மண்ணின் நடிகர்கள். ஆங்கிலப் பதிப்பில் இசையமைப்பாளர் ஹெல்முட் டான்டைன், வியன்னாவில் பிறந்தவர். வக்கீல் பால் லூகாஸ், புடாபெஸ்ட்காரர். நிருபர் மேரி ஆண்டர்சன், அமெரிக்காவின் அலபாமாவிலிருந்து வந்தவர். இயக்குநர் ஃபியோதர் ஓட்செப் மாஸ்கோவில் தொழில் கற்றவர். மனதுக்குள் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். லண்டனில் கியூபெக் நடிகர் பிரெஞ்சுக்காரராக நடித்துக்கொண்டிருந்தார். கியூபெக்கில், அவர் சொந்த மாகாணத்தைப் பற்றிய கதையில், உலகச் சந்தைக்குப் போகும் பதிப்பில், கியூபெக்காரராக நடிக்க வியன்னாவிலிருந்து கிளம்பி ஹாலிவுட் வழியாக ஒருவர் வரவேண்டியிருந்தது. துபுயிக்குக் கிடைத்தது உள்ளூர்ப் பதிப்பு.

இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்தால் நடிப்பைப் பற்றிப் பத்துக் கட்டுரை படித்த பலன் கிடைக்கும். வக்கீல் அந்தக் கொலைப் பேரத்தை முன்வைக்கும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். டான்டைன் ஆரம்பத்திலிருந்தே உடைந்துபோனவர். நாஜி அதிகாரி வேடங்களில் பழகிய அந்தக் கூரிய முகத்தில் இருட்டு முன்கூட்டியே வந்துவிடுகிறது. துபுயி மரியாதை தெரிந்த நடுத்தர வர்க்கத்து ஆள். பெரிய மனிதர் பேசுகிறார் என்று காது கொடுத்துக் கேட்கத் தொடங்குகிறார். கேட்கக் கேட்கத்தான் அச்சம் ஏறுகிறது. கியூபெக் நகரின் படிந்துபோன சமூக அடுக்கு, வக்கீலுக்கும் பாதிரியாருக்கும் எழுந்து நிற்கும் பழக்கம், எல்லாம் அந்தக் கேட்கும் முறையில் தெரிகிறது. இதை வெளியிலிருந்து வந்தவருக்குச் சொல்லிக்கொடுத்துச் செய்யவைக்க முடியாது.

சரி, லண்டனில் நாயக வாய்ப்பு இருந்தவர் ஏன் திரும்பினார் என்று கேட்பீர்கள். அவர் மனதை நான் அறியேன். காலக்கணக்கு மட்டும் தெரியும். 1947 ஆகஸ்டில் பிரிட்டன் அமெரிக்கப் படங்களுக்கு 75 சதவீத வரி போட்டது. ஹாலிவுட் படம் அனுப்புவதை நிறுத்தியது. வெற்றிடத்தை நிரப்ப பிரிட்டனின் பெரிய பட நிறுவனமான ரேங்க் அவசர அவசரமாகப் படங்களை எடுத்துத் தள்ளியது. 1948-இல் வரி நீங்கியதும் அமெரிக்கப் படங்கள் வெள்ளமாக வந்தன. அவசரத்தில் எடுத்த பிரிட்டிஷ் படங்கள் அடிபட்டன. 1949-இல் ரேங்கின் கடன் 1.6 கோடி பவுண்டைத் தாண்டியது; ஸ்டூடியோக்களில் ஆட்குறைப்பு. துபுயியின் பிரிட்டிஷ் நாயக வேடங்கள் 1948, 1949-இல் குவிந்து, 1950-இல் 'தி ரிலக்டண்ட் விடோ'வோடு ஓய்ந்துபோவதை இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டும். திறமை குறைந்து யாரும் அவரைத் துரத்தவில்லை.

ஊரில் அவர் வந்து சேர்ந்த தொழிலும் அப்போது ஆட்டங்கண்டு கொண்டிருந்தது. 1948-இல் ஹாலிவுட்டும் கனடிய அரசும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தன. கனடா தன் படத்தொழிலைக் காக்க வரி, ஒதுக்கீடு என்று இறங்காது. பதிலுக்கு ஹாலிவுட் தன் படங்களில் கனடாவின் பெயரை ஆங்காங்கே உச்சரித்துச் சுற்றுலாப் பயணிகளை அனுப்பிவைக்கும். இதன்படி, காட்டில் பறவை கூவினால் அது கனடாவிலிருந்து வந்த பறவை என்று வசனம் வைத்தார்கள். நான் கேலி செய்யவில்லை, ஒப்பந்தத்தின் பலன் அப்படித்தான் இருந்தது. இந்த நிலைமையில் துபுயி கிடைத்ததை எல்லாம் செய்தார். மொந்த்ரியாலில் எடுத்த பிரெஞ்சுக் கூட்டுத் தயாரிப்பான 'சோன் கோப்பேன்' படத்தில் மறுபடியும் பட்ரீஷியா ராக்குடன் நடித்தார். 1952-இல் 'எத்தியேன் புரூலே' படத்தில், பதினேழாம் நூற்றாண்டில் பூர்வகுடிகளோடு வாழப் போன பிரெஞ்சு இளைஞன் புரூலேயாக நாயக வேடம். படத்தைவிட அந்த வரலாற்று மனிதர் சுவாரசியமானவர் என்பதோடு இதைக் கடந்துவிடலாம்.

இப்போது 1953 பிப்ரவரி. அந்த ஒரே மாதத்தில் கியூபெக்கில் இரண்டு படங்கள் முதல் காட்சி கண்டன. ஒன்று, ஆல்ஃபிரட் ஹிட்ச்காக்கின் 'ஐ கன்ஃபெஸ்'. கியூபெக் நகரிலேயே எடுத்த படம். கொலைகாரனின் பாவமன்னிப்பை வெளியே சொல்ல முடியாமல் தவிக்கும் கியூபெக் பாதிரியாராக மாண்ட்கோமரி கிளிஃப்ட். உள்ளூர் நடிகர்களுக்குச் சிறுவேடங்கள். நல்ல நடிகர் ஜில் பெல்த்தியே அதில் இன்னொரு பாதிரியாராகச் சற்று நேரம் வருகிறார். மற்றது, கிராத்தியேன் ஜெலினா எழுதி, ரெனே தெலாக்ருவாவுடன் சேர்ந்து இயக்கி, தானே நாயகனாக நடித்த 'தி-கொக்'. 1948-இல் மேடையேறி மொந்த்ரியாலைக் கலக்கிய நாடகத்தின் படவடிவம். அதில் இராணுவப் பாதிரியாராக பால் துபுயி. ஒரே மாகாணம், ஒரே மாதம், இரண்டு பாதிரியார்கள். உலகம் பார்த்தது முதலாமவரை.

'தி-கொக்' கதை எளியது. தகப்பன் பெயர் தெரியாத அநாதைச் சிப்பாய் ஒருவனைச் சக சிப்பாய் கிறிஸ்துமஸுக்கு வீட்டுக்கு அழைத்துப் போகிறான். அதற்குப் பின்னால் இருப்பவர் பாதிரியார்தான். அந்த வீட்டுப் பெண் மரி-ஆஞ்சுக்கும் இவனுக்கும் காதல். பத்தொன்பது வயது மோனிக் மில்லர் அந்தப் பெண்ணாக நடித்தார். சிப்பாய்க்கு அவளைவிட அவள் குடும்பத்தின் மேல்தான் ஆசை அதிகம். மாமா, அத்தை, சித்தி என்று உறவு முறை வைத்துக் கூப்பிட ஆள் கிடைத்துவிட்டார்கள். போருக்குப் போய்த் திரும்புவதற்குள் அவள் வேறொருவனை மணந்துவிடுகிறாள். இன்னும் காதல் இருக்கிறது, இருவரும் ஓடிப்போகத் தயார். அப்போது பாதிரியார் வருகிறார். உங்களுக்குப் பிறக்கப்போகும் பிள்ளையும் உன்னைப் போலவே ஊர் வாயில் விழும் பிள்ளையாகத்தான் இருக்கும் என்பதை அவனுக்கு எடுத்துச் சொல்ல வேண்டும். அந்தக் காலக் கியூபெக்கில் விவாகரத்து நினைத்துப் பார்க்கக்கூடிய காரியம் அல்ல. சட்டம் திருச்சபையின் பக்கம், சபையின் வாய் இந்தப் பாதிரியார்.

மோசமான நடிகர் கையில் இது பிரசங்கமாகியிருக்கும். துபுயி அதைத் தோற்கப்போகிறவனின் நண்பனாகச் செய்கிறார். குரலை எங்கும் உயர்த்தவில்லை. வானொலியில் பழகிய அந்தக் குரல், தான் சொல்வது சரி என்று தெரிந்தும், சொல்ல நேர்ந்ததற்காக வெட்கப்படுகிற குரலாக மாறுகிறது. ஜெலினா வெடிக்கிறார், அழுகிறார், திட்டுகிறார். எதிரே இருப்பவர் வாங்கிக்கொள்வதால்தான் அந்த வெடிப்பு நமக்கு வலிக்கிறது. பிம்லிக்கோவில் பார்த்த அதே அடக்கம்தான், இங்கே அதற்கு ஒரு சமூகத்தின் எடை சேர்ந்திருக்கிறது. அந்த ஆண்டின் கனடியத் திரைப்பட விருதுகளில் சிறந்த படமாக 'தி-கொக்' தேர்வானது.

அதோடு கியூபெக்கின் முதல் சினிமா அலை ஓய்ந்தது. 1952 செப்டம்பரில் மொந்த்ரியாலில் தொலைக்காட்சி ஒளிபரப்பு தொடங்கிவிட்டது. கூட்டம் வீட்டோடு தங்கியது. ஸ்டூடியோக்கள் மூடின. நடிகர்கள் போன இடத்துக்குத் துபுயியும் போனார். க்ளோத்-ஹான்ரி கிரிஞ்ஞோனின் 1933-ஆம் ஆண்டு நாவலிலிருந்து கிளைத்த தொடர் 'லே பெல் இஸ்த்துவார் தே பேயி தான் ஓ' 1956 முதல் 1970 வரை ஓடியது. லோராந்தியன் மலைக்காட்டில் குடியேறிய ஏழை விவசாயிகள், அவர்களைக் கசக்கிப் பிழியும் கஞ்சன் செராஃபேன், வடக்கே ரயிலும் குடியேற்றமும் வரவேண்டும் என்று அலைந்த நிஜப் பாதிரியார் லபெல். பிரெஞ்சு கனடாவில் இந்தத் தொடரைப் பார்க்காத வீடு அபூர்வம். அதில் துபுயி ஏற்றது ஆர்தூர் புய்யி வேடம்.

புய்யி கற்பனை ஆள் அல்ல. பத்தொன்பதாம் நூற்றாண்டின் மொந்த்ரியால் பத்திரிகையாளர். இளமையில் ஐரோப்பா போய், இத்தாலியில் கரிபால்டியின் படையில் சேர்ந்தவர். ஊர் திரும்பி 1868-இல் 'லா லாந்தெர்ன்' என்ற பத்திரிகையைத் தொடங்கி, திருச்சபையின் பிடியை நார்நாராகக் கிழித்தவர். கடைசியில் லபெல் பாதிரியாரின் நண்பராகி, குடியேற்றத் திட்டத்தில் அவரோடு சேர்ந்து வேலை செய்தவர். படித்த, குத்தலான, மலைக்காட்டில் பொருந்தாத, ஆனாலும் அங்கேயே கிடக்கிற மனிதர். ஐரோப்பாவைப் பார்த்துவிட்டு ஊர் திரும்பிய நடிகருக்கு இதைவிடப் பொருத்தமான வேடம் யார் எழுதித் தரமுடியும்?

இன்னும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். 1953-இல் சபையின் குரலாகத் திரையில் நின்றவர், அடுத்த சில ஆண்டுகளில் சபையை எதிர்த்து எழுதியவராக வீட்டு வரவேற்பறைகளுக்குள் வந்தார். இடையில் கியூபெக்கே மாறிக்கொண்டிருந்தது. 1960-க்குப் பின் பள்ளியும் மருத்துவமனையும் சபையின் கையிலிருந்து அரசின் கைக்குப் போயின. அந்த மாற்றத்தின் இரண்டு கரைகளிலும் நம்பும்படி நின்ற ஒரே முகமாக இவரைச் சொல்ல மாட்டேன். ஆனால் அப்படி நின்ற முகங்களில் இவருடையது முக்கியமானது. லண்டனின் ஐந்தாண்டு நாயகப் பட்டத்தில் இதற்கு நிகரான எதுவும் இல்லை.

அவர் மகா நடிகரா என்றால், இல்லை என்றே சொல்வேன். 'மேட்னஸ் ஆஃப் தி ஹார்ட்' படத்தில் அவர் வெறும் அழகுப் பொம்மை. பொறாமைக்காரியாக வரும் கேத்லீன் பைரன் ஒரு பார்வையில் அவரை ஓரங்கட்டிவிடுகிறார். ஆனால் திரைப்படச் சங்கம் மகா நடிகர்களுக்கு மட்டுமான கோயில் அல்லவே. ஒரு சிறிய மொழிச் சமூகத்தின் நடிகர் எந்த வாசல் வழியாகப் போனார், எந்த வாசல் அவருக்கு மூடியிருந்தது, திரும்பி வந்து எதைக் கட்டினார் என்பதை ஒரே முகத்தின் வழியே காட்ட இவரைவிடத் தோதான ஆள் எனக்குத் தெரியவில்லை.

ஆகவே என் கோரிக்கை இது. முதல் நாள் 'பாஸ்போர்ட் டு பிம்லிக்கோ'. இரண்டாம் நாள் 'விஸ்பரிங் சிட்டி', இடைவேளை விட்டு 'லா ஃபோர்த்தெரெஸ்'; ஆங்கிலம் முதலில் இருக்கட்டும், கதை தெரிந்துவிட்டால் பிரெஞ்சில் நடிப்பை மட்டும் கவனிக்கலாம். மூன்றாம் நாள் 'ஐ கன்ஃபெஸ்', பிறகு 'தி-கொக்'. முடிந்தால் தொடரின் ஓர் அத்தியாயம், புய்யி வருகிற ஒன்றாகப் பார்த்து. பிரதிகளுக்கும் அனுமதிக்கும் மொந்த்ரியாலில் உள்ள சினமாத்தெக் கெபெக்குவாஸுக்கு எழுதிக் கேளுங்கள். சப்டைட்டில் இல்லாமல் வந்தால் காட்சிச் சுருக்கம் ஒன்றைத் தட்டச்சு செய்து வாசலில் கொடுத்துவிடலாம். அந்தக் காலத்தில் நாம் அப்படித்தானே பார்த்தோம்.

கடைசியாக, துண்டறிக்கை அச்சடிக்கும்போது ஒரு விஷயத்தில் மட்டும் கவனமாக இருங்கள். அவர் பெயருக்குக் கீழே 'பிரெஞ்சு நடிகர்' என்று போட்டுவிடாதீர்கள். 'கியூபெக் நடிகர்' என்று போடுங்கள்.

அன்புடன்,
உங்கள் பழைய உறுப்பினர் ஒருவர்